கருவாட்டுக்குக் கட்டிவைத்த சட்டி

அத்தியாயம் 7

செத்துப்போன வெள்ளைக்காரரின் கட்டிலுக்கு அடியில் ஒரு கக்கூஸ் சட்டி இருந்தது. சின்னக் குழந்தைகளை உட்காரவைக்கிற சட்டி. வெள்ளை எனாமல், நீலக் கரை, மேலே ஒரு மூடி. கிங்ஸ்டன் போலீஸ்காரர்கள் அதைப் பார்த்துவிட்டு இரண்டு நாளாக விழுந்து விழுந்து சிரித்துக்கொண்டிருந்தார்கள்.

துப்பறியும் பின்னக் சிரிக்கவில்லை. அவர் கடைசியாகச் சிரித்தது அவருடைய முன்னாள் மனைவி வேறொருவரைக் கல்யாணம் செய்துகொண்ட அன்றைக்கு. சட்டியை ஜன்னல் வெளிச்சத்தில் திருப்பித் திருப்பிப் பார்த்தார்.

"டெல்ரோஸ், இதைப் பாத்தா உனக்கு என்ன ஞாபகம் வருது?"

"நான் வேலைக்குச் சேர்ந்த அன்னிக்கு நீங்க எனக்குக் குடுத்த நாற்காலி, பாஸ்."

"விளையாடாத. மத்தியானத்துக்குள்ள ஒரு பொம்பளையோட கழுத்தக் காப்பாத்தணும்."

அது உண்மைதான். அதனால் வாயை மூடிக்கொண்டேன். எனக்கு அது அபூர்வம்.

செத்தவர் பெயர் ஓட்வார் நெஸ். நார்வேயிலிருந்து வந்த வணிகத் தூதர். நார்வே எங்கே, ஜமைக்கா எங்கே? அங்கே மூச்சு விட்டால் உறைகிறதாம். இங்கே குளித்துவிட்டுத் தலை துவட்டுவதற்குள் வேர்த்துவிடும். ஆனால் எங்கள் நாட்டுக் காலைச் சாப்பாடே அவர்கள் கடலை நம்பித்தான் இருக்கிறது. அக்கி என்கிற பழம் எங்கள் மரத்தில் காய்க்கும், அதோடு சேர்த்து வதக்குகிற கருவாடு அவர்கள் கப்பலில் வரும். அந்த வருடம் அரசாங்கத்திடம் டாலர் தீர்ந்துபோனது. கப்பல் நின்றது. எட்டு மாதமாகக் கடைகளில் கருவாடு வைக்கிற பலகைமேல் பூனைகள் படுத்துத் தூங்கின.

அதற்குத்தான் இந்த ஒப்பந்தம். டாலர் வேண்டாம், எங்கள் செம்மண்ணிலிருந்து எடுக்கிற அலுமினாத் தூள் அவர்கள் ஆலைக்குப் போகும், பதிலுக்கு அவர்கள் கருவாடு இங்கே வரும். நெஸ்ஸும் அவருடைய மேலதிகாரி திருமதி பெர்கிட் லுண்டேயும் கையெழுத்துப் போட வந்திருந்தார்கள். வருவதற்கு முன்னாலேயே நல்லெண்ணத்துக்காக எங்கள் குழந்தைகள் ஆஸ்பத்திரிக்கு ஒரு கப்பல் மூலையில் கொஞ்சம் அன்பளிப்பும் அனுப்பியிருந்தார்கள்.

சனிக்கிழமை காலை நெஸ் வாந்தியெடுக்க ஆரம்பித்தார். இருட்டுவதற்குள் செத்துப்போனார். அக்கி விஷம் என்று டாக்டர் சொல்லிவிட்டார். அக்கி மரத்திலேயே தானாக வாய் பிளக்க வேண்டும். மூடியிருக்கிற காயைக் கத்தியால் பிளந்து சமைத்தால் எமனுக்குச் சமைத்த மாதிரி. இது எங்கள் ஊரில் தவழ்கிற குழந்தைக்கும் தெரியும். விருந்தினர் மாளிகைச் சமையல்கட்டுத் தொட்டியில் பாதி சாப்பிட்ட அக்கியும் கருவாடும் ஒரு தட்டில் இருந்தது. சமையல்காரி மிஸ் யூலலியைத் தூக்கி உள்ளே போட்டார்கள்.

அன்றைக்குக் காலையில்தான் ஸ்டேஷனில் அவரைப் பார்த்துவிட்டு வந்திருந்தோம். கட்டையான, கறுத்த, ஐம்பது தாண்டிய பெண்மணி. கம்பியைப் பிடித்துக்கொண்டு அழவில்லை. கோபமாக இருந்தார்.

"ஐயா, விடியக்காலையில வாசல்ல கார் ஹாரன் அடிச்சுது. அவரு என் காபியக் கூடக் குடிக்காம போனாரு. திரும்பி வரும்போது தள்ளாடிக்கிட்டு வந்தாரு. அந்தத் தட்ட நான் கண்ணால பாத்ததே போலீஸ்காரன் காட்டினப்போதான்."

"அப்புறம் யார் வந்தாங்க, மிஸ் யூலலி?" என்று கேட்டார் பின்னக்.

"அரசாங்கத்து வெடர்பர்ன் சார் வந்தாரு, விருந்தாளி எப்படியிருக்காருன்னு பாக்க. பாத்துட்டு, ஓடு, டாக்டரக் கூட்டியான்னாரு. ஓடினேன்." பிறகு கம்பிக்கு நடுவே முகத்தைக் கொண்டுவந்தார். "முப்பது வருஷமா சமைக்கறேன். கவர்னருக்குச் சமைச்சிருக்கேன். வாய் தொறக்காத அக்கி என் சட்டியில விழுந்ததே இல்ல. தூக்குல போடறதா இருந்தா போடட்டும். ஆனா என் சமையல்ல குத்தம் சொல்லிட்டுப் போடாதீங்க."

திருமதி லுண்டேதான் எங்களை அமர்த்தியவர். போன வருடம் அவர் சொந்தக்காரர்களின் கப்பலில் காணாமல்போன சரக்கைப் பின்னக் கண்டுபிடித்துக் கொடுத்திருந்தார். "நண்பகல்ல கையெழுத்து. அதுக்கு முன்னால நெஸ் எப்படிச் செத்தான்னு நீங்க சொல்லணும். உங்க வாயால வர்றதை மட்டுந்தான் நான் நம்புவேன்" என்று சொல்லியிருந்தார்.

இப்போது எங்கள் கையில் இருந்தது ஒரே ஒரு துப்பு. அதுவும் கக்கூஸ் சட்டி.

"வாந்தியெடுக்க வாங்கியிருப்பார்னு போலீஸ் சொல்லுது" என்றார் பின்னக்.

"வாங்கினவர் அதுல எடுக்கலையே, பாஸ். தரையெல்லாம் எடுத்திருக்கார். சட்டி புத்தம்புதுசா, காஞ்சு கிடக்கு. மூணு பாத்ரூம் இருக்கிற மாளிகை இது. அவருக்கோ குழந்தை குட்டி கூட வரல."

"அப்போ எதுக்கு வாங்கினார்?"

நான் மூடியைத் திறந்தேன். உள்ளே கொஞ்சம் உப்புப் பொடி. ஒரு துண்டு நீலக் கயிறு. மூக்கைக் கிட்டே கொண்டுபோனதும் என் வயிறு என்னைக் கேட்காமலே கத்தியது. எட்டு மாதமாக மறந்திருந்த வாசனை.

"பாஸ்! நீங்க கடைக்குப் போறதில்ல, அதான் தெரியல. அவர் சட்டி வாங்கல. கருவாடு வாங்கினார். இது கூட வந்த பொண்ணு!"

அந்த வருடம் கடைக்குப் போன எல்லாருக்கும் இது தெரியும். கிடைக்காத பொருளைக் கடைக்காரர்கள் தனியாக விற்க மாட்டார்கள். யாரும் சீந்தாமல் தூங்குகிற பொருள் ஒன்றை அதோடு கட்டிவைத்து விற்பார்கள். அரிசி வேண்டுமா, ஷூ பாலிஷையும் வாங்கு. சமையல் எண்ணெய் வேண்டுமா, ஒட்டடைக்குச்சியையும் எடுத்துக்கொள். செருப்புக்கூட இல்லாதவர்கள் வீட்டில் பாலிஷ் டப்பா அடுக்கி வைத்திருந்த காலம். நாங்கள் அதற்குக் கல்யாணம் என்று பெயர் வைத்திருந்தோம்.

பின்னக் என்னை ஒரு நிமிடம் பார்த்தார். "உனக்கு அந்த நாற்காலிய மாத்தித் தரணும்" என்றார்.

"வார்த்தையா சொல்லாதீங்க. எழுதிக் குடுங்க."

வராந்தாவில் திருமதி லுண்டே உட்கார்ந்திருந்தார். உயரமான, எலும்பும் தோலுமான, நரைத்த பெண்மணி. நீலக் கயிற்றைப் பார்த்ததும் அவர் முகம் மாறியது.

"இது எங்க கயிறு. ஆஸ்பத்திரிக்கு அனுப்பின மீனை மட்டும் இந்தக் கயிறுல கட்டச் சொன்னேன். நானே நின்னு கட்டவச்சேன். இது எப்படி..." சட்டியைப் பார்த்தார். "இதுவும் எங்களுதுதான். குழந்தைகள் வார்டுக்கு மீனோட அனுப்பினோம்."

நானும் பின்னக்கும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டோம். மாப்பிள்ளையும் பெண்ணும் ஒரே வீட்டிலிருந்து வந்திருக்கிறார்கள்.

"நெஸ் இதப் பத்தி ஏதாவது சொன்னாரா?"

"வெள்ளிக்கிழமை சொன்னான், ஒரு பொருள் காணோம், சரியான ஆள்கிட்ட சொல்லிட்டு வந்துடறேன்னு. சாவியத் தொலைச்சிருப்பான்னு நான் நினைச்சேன்." அவர் கயிற்றை விரலில் சுற்றிக்கொண்டார். விரல் வெளுத்தது. "அவன் மனைவி தந்தி மேல தந்தி அடிக்கிறா, மிஸ்டர் பின்னக். நான் இன்னும் ஒரு பதிலும் அனுப்பல."

சட்டியைக் கையில் எடுத்துக்கொண்டு கடை கடையாக ஏறினேன். பின்னக் தெருவோரத்தில் காரில். அவர் முகத்தைப் பார்த்தாலே எந்தக் கடைக்காரரும் கல்லாவைப் பூட்டிவிடுவார். முதல் கடையில் கருவாடு இல்லை, பெயர் சொன்னதற்கே என்னைப் பார்த்துப் பரிதாபப்பட்டார்கள். இரண்டாவதில் பாலிஷ் டப்பாவைக் கல்யாணமே இல்லாமல் தலையில் கட்டப் பார்த்தார்கள். நான்காவது கடை மார்க்கெட்டுக்குப் பின்னால், மிஸ் மெர்லீன் கடை. வாசலில் வரிசை. வரிசையில் நின்றிருந்த பெண்கள் யாரும் பேசவில்லை. பேசினால் கூட்டம் கூடிவிடும், கருவாடு தீர்ந்துவிடும் என்ற பயம்.

என் முறை வந்தது. குரலைத் தாழ்த்தினேன்.

"அந்த மீன் இருக்கா?"

மிஸ் மெர்லீன் மார்பு அகலத்துக்குத் தராசு வைத்திருந்தார். இல்லை, தராசு அகலத்துக்கு மார்பு. "மீன் இருக்கு, செல்லம். பொண்ணோடதான் குடுப்பேன்."

"பொண்ணு எது?"

மேஜைக்கு அடியிலிருந்து எனாமல் சட்டியை எடுத்துத் தொப்பென்று வைத்தார். நீலக் கரை, மூடி.

"எனக்குப் பிள்ளையே இல்லையே, மிஸ் மெர்லீன்."

"கருவாடு தின்னு. தெம்பு வரும். தெம்பு வந்தா பிள்ளை வரும். பிள்ளை வந்தா சட்டி வேணும். நான் உனக்காக யோசிக்கிறேன், நீ என்னடான்னா வாயாடற."

பின்னாலிருந்து ஒரு கிழவி என் இடுப்பில் இடித்தாள். "வாங்கறதுன்னா வாங்கு, இல்லாட்டி நகரு. நான் நாலு சட்டி வச்சிருக்கேன் வீட்டுல. ஒண்ணுல கீரை போட்டிருக்கேன்."

நான் கொண்டுபோன சட்டியை மேஜைமேல் வைத்தேன். ஜோடியாகப் பார்த்ததும் மிஸ் மெர்லீன் முகத்திலிருந்த சிரிப்பு வடிந்தது.

"இத ஒரு வெள்ளைக்காரர் வாங்கினார். உயரமா, வெயில்ல வெந்த மூக்கோட. அவர் செத்துட்டார்."

"என் மீன் தின்னா செத்தாரு?" என்று கேட்டார். பிறகு நாக்கைக் கடித்துக்கொண்டார்.

"அதான் கேக்கறேன். எல்லாக் கடைக்காரரும் தூங்கற சரக்கத்தான் கட்டிவைப்பாங்க. உங்க கடையில சட்டி எப்போ தூங்கிச்சு? பாலிஷ் இருக்கு, துடைப்பம் இருக்கு, அதெல்லாம் சும்மா தொங்குது. சட்டிய மட்டும் ஏன் கட்டிவச்சீங்க?"

"கட்டிவச்சது நான் இல்ல." குரல் கிசுகிசுப்பாகிவிட்டது. "ரெண்டும் ஒரே வண்டியில வந்துச்சு. மீன் வேணும்னா சட்டியையும் எடுன்னாங்க. எனக்கே கல்யாணம் பண்ணி வச்சுட்டாங்க, தெரியுமா?"

"யாரோட வண்டி?"

"செல்லம், நீ அந்த நாக்க வச்சுக்கிட்டு நிறைய நாள் உயிரோட இருக்கணும். எனக்கும் அதே ஆசை." தராசைத் துடைக்க ஆரம்பித்தார். துடைத்துக்கொண்டே, யாருக்கோ சொல்வதுபோல், "வண்டி கறுப்பு. முன்னால கொடி குத்தற கம்பி இருக்கும். கொடி இருக்காது" என்றார்.

கொடி குத்துகிற கம்பி வைத்த கறுப்புக் காரில் வருபவர், வெளிநாட்டு விருந்தாளிகளை அழைத்துப்போகிறவர், ஆஸ்பத்திரி அன்பளிப்பைத் துறைமுகத்தில் கையொப்பமிட்டு வாங்கியவர். மூன்றும் ஒரே ஆள். மரியாதை அதிகாரி கார்ல்டன் வெடர்பர்ன்.

"நெஸ் சரியான ஆள்கிட்டதான் போய்ச் சொல்லியிருக்கார்" என்றார் பின்னக். காரை மலைப்பக்கம் திருப்பினார்.

வெடர்பர்ன் வீடு மேட்டின்மேல், காற்று வீசுகிற பக்கம். வாசலில் ஒரு பெரிய அக்கி மரம். மரத்தடியில் குப்பைக் குவியல். நடந்துகொண்டே அதைப் பார்த்தேன், கால் நின்றுவிட்டது. அக்கி தானாக வாய் பிளந்தால் ஓடு மூன்று இதழாக விரிந்து சுருண்டுகொள்ளும். குவியலில் கிடந்த ஓடுகள் சுருளவில்லை. நேர்கோட்டில் கத்திக் கீறல். பின்னக்கின் கையைக் கிள்ளினேன். அவர் திரும்பிப் பார்க்காமலே தலையசைத்தார்.

வெடர்பர்ன் வராந்தாவில் காலைச் சாப்பாட்டில் இருந்தார். கஞ்சி போட்டுத் தேய்த்த, அதிகாரிகள் போடுகிற காரிபா சட்டை, மணக்கிற முகம், நல்ல பல்வரிசை. காலடியில் பழுப்பு நிற நாய் ஒன்று பீப்பாய் மாதிரி படுத்திருந்தது.

"வாங்க பின்னக், வாங்க! நல்ல நேரம் பாத்து வந்தீங்க. அக்கியும் கருவாடும். இந்த ஊருல இன்னிக்கு இது எத்தனை வீட்டுல இருக்கும், சொல்லுங்க? உக்காருமா."

என் வாயில் எச்சில் ஊறியது. சொல்ல வெட்கமாக இருக்கிறது, கத்திக் கீறல் போட்ட ஓட்டைப் பார்த்த பிறகும் ஊறியது. மஞ்சள் அக்கி, நடுநடுவே வெள்ளைக் கருவாடு, மேலே மிளகாய்.

"நான் விரதம், சார்" என்றேன். "எட்டு மாசமா விரதம்."

வெடர்பர்ன் ரசித்துச் சிரித்தார். சாப்பிட்டுக்கொண்டே பேசினார். பாவம் நெஸ், நல்ல மனிதர். பாவம் அந்தச் சமையல்காரி, பழைய ஆள், கண் மங்கியிருக்கும். பாதித் தட்டில் வயிறு நிறைந்துவிட்டதுபோல. மீதியை முள்ளால் தள்ளி நாய் முன்னால் கொட்டினார். நாய் முகர்ந்து பார்த்துவிட்டு மூஞ்சியைத் திருப்பிக்கொண்டது.

அந்த வீட்டு நாய்க்குக் கருவாடு அலுத்துவிட்டது!

பின்னக் தொப்பியைக் கழற்றி முழங்கால்மேல் வைத்தார். அது அவர் ஆரம்பிக்கப்போகிறார் என்பதற்கு அடையாளம்.

"தட்டுல மிச்சம் வைக்கறது உங்களுக்குப் பழக்கமா, சார்?"

"அளவாச் சாப்பிடணும்னு டாக்டர் சொல்லியிருக்கார்."

"மாளிகைச் சமையல்கட்டுத் தொட்டியிலயும் ஒரு தட்டு இருந்துச்சு. பாதிக் கருவாடு அப்படியே இருந்துச்சு. காலையில சமைச்சதுன்னு போலீஸ் சொல்லுது, அவங்க வந்தது சாயங்காலம். அந்த வீட்டுல ஒரு சமையல்காரி, ஒரு தோட்டக்காரன். ரெண்டு பேரும் எட்டு மாசமா கருவாட்டு வாசனையே பாக்காதவங்க. அந்தத் தட்டு நெஜமாவே அங்க சமைச்சதா இருந்தா மிச்சம் தொட்டிக்கு வந்திருக்குமா? வெள்ளைக்காரரோட சேர்ந்து ரெண்டு பேரும் செத்திருப்பாங்க, சார். தட்ட நக்கிட்டுச் செத்திருப்பாங்க."

வெடர்பர்ன் துணியால் உதட்டைத் துடைத்தார். அவசரமே இல்லை.

"அந்தத் தட்ட அங்க வச்சவன் எல்லாத்தையும் யோசிச்சிருக்கான்" என்றார் பின்னக். "ஹாரன் அடிச்சு நெஸ்ஸக் கூட்டிட்டுப் போய் விருந்து வச்சான், அவர் மீனக் கொண்டுபோய்த் திருட்டச் சொன்ன ஆளே அவன்தான். சமையல்காரிய டாக்டர்கிட்ட ஓடவிட்டு வீட்டக் காலியாக்கினான். தட்ட வச்சான். ஒண்ண மட்டும் மறந்துட்டான். ஊரே பட்டினின்னு மறந்துட்டான். இந்த ஊருல இந்த வருஷம் கருவாட்ட மிச்சம் வைக்கிற ஆள் ஒருத்தன்தான் இருக்கான். இப்ப அவன் நாய்க்கு வச்சான்."

நாய் மட்டும் பெருமூச்சு விட்டது.

வெடர்பர்ன் கைதட்டினான். ஆமாம், தட்டினான். இனிமேல் அவனுக்கு என்னிடம் மரியாதை கிடையாது.

"பிரமாதம். கோர்ட்டுல இதச் சொல்லுவீங்களா? நாய் மூஞ்சியத் திருப்பிக்கிச்சு, கனம் நீதிபதி அவர்களேன்னு?"

"கோர்ட்டு வேண்டாம். திருமதி லுண்டே போதும். அவங்க என் வாய நம்பறாங்க."

"நம்பட்டுமே." முன்னால் குனிந்தான். "நீங்க புத்திசாலி, பின்னக். ஆனா கடைக்குப் போய் வாங்கிப் பழக்கமில்லாத புத்திசாலி. இந்தப் பொண்ணக் கேளுங்க, இப்பல்லாம் எப்படி விக்கறாங்கன்னு. உங்களுக்கு வேண்டியது அந்தச் சமையல்காரி, இல்லையா? அவளத் தனியா விக்கறதில்ல."

காபியைக் கலக்கிக்கொண்டே தொடர்ந்தான்.

"என் பேரச் சொல்லுங்க. லுண்டே அம்மா அடுத்த விமானத்துல கிளம்பிடுவாங்க. ஒப்பந்தம் போச்சு. கப்பல் போச்சு. அலுமினா வாங்க ஆளில்லாம சுரங்கத்துக்காரன் தெருவுக்கு வருவான். அப்போ அரசாங்கத்துக்கு ஒரு கொலைகாரி கட்டாயம் வேணும். செஞ்சது எங்க அதிகாரி இல்ல, ஒரு சமையல்காரிதான்னு உலகத்துக்குக் காட்டணுமே! உங்க துப்பெல்லாம் ஒரு நாயும் ஒரு கக்கூஸ் சட்டியும். அவளத் தூக்குல போட்டுத்தான் ஓய்வாங்க." காபியை ஒரு வாய் குடித்தான். "அதே அம்மாகிட்ட, விபத்து, சமையல்காரி அசட்டையா மூடின காயச் சமைச்சுட்டான்னு சொல்லுங்க. யாருக்கும் கொலைகாரி வேண்டாம். இன்னிக்குச் சாயங்காலம் அவ வீட்டுல இருப்பா. மேலிடத்துல பேசிட்டேன்."

"நீ?" என்று கேட்டார் பின்னக். என்னைத் தவிர அவர் யாரையும் ஒருமையில் கேட்டு நான் பார்த்ததில்லை.

"ஒப்பந்தம் நடக்குதான்னு பாத்துக்க அங்க ஒரு ஆள் வேணுமே. ஓஸ்லோவுல ரொம்பக் குளிராம். கோட்டு தைக்கக் குடுத்துட்டேன்."

"பாஸ், வாங்க" என்றேன். "இந்த ஆள் மூஞ்சியில அந்தச் சட்டியக் கவுத்துட்டுப் போலாம்."

பின்னக் எழுந்திருக்கவில்லை. மரத்தைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். எத்தனையோ கேஸில் அவர் முகத்தைப் பார்த்திருக்கிறேன். பூட்டைத் திறக்கும் வழியை யோசிக்கும்போது இடது புருவம் ஏறும். இப்போது ஏறவில்லை. எல்லாப் பக்கமும் தட்டிப் பார்த்துவிட்டார், எல்லாப் பக்கமும் சுவர். கடைசியில் தொப்பியைத் தலையில் வைத்துக்கொண்டார்.

நாங்கள் காரில் ஏறும்போது அவன் வேலையாள் ஓடிவந்து ஜன்னல் வழியாக என் மடியில் ஒரு பொட்டலத்தைப் போட்டான். நீலக் கயிறு கட்டியிருந்தது.

"ஐயா குடுக்கச் சொன்னாரு. சட்டி வேண்டாமாம்."

விருந்தினர் மாளிகையில் திருமதி லுண்டே பேனாவைக் கையில் வைத்துக்கொண்டு காத்திருந்தார். பின்னக் நின்றபடியே சொன்னார். ஆஸ்பத்திரிச் சரக்கு துறைமுகத்திலேயே திருடுபோய்விட்டது. யாரோ திருடன் கடையில் விற்றிருக்கிறான். நெஸ் கடையில் அதைப் பார்த்தார், கயிற்றை அடையாளம் கண்டார், சாட்சிக்காக வாங்கினார், சட்டியும் கூடவே வந்தது. ஊரைச் சுற்றிவிட்டு வந்த இடத்தில் எங்கள் நாட்டுச் சாப்பாட்டைச் சாப்பிட ஆசைப்பட்டு மீனைச் சமையல்காரியிடம் கொடுத்தார். அவள் அவசரத்தில் காய் திறந்திருக்கிறதா என்று பார்க்கவில்லை. கெட்ட எண்ணம் இல்லை, அசட்டை.

சட்டி, கயிறு, உப்புப் பொடி, தட்டு. நாங்கள் ஓடி ஓடிச் சேர்த்த ஒவ்வொரு துப்பும் பொய்க்குள் கச்சிதமாகப் போய் உட்கார்ந்தது. அவர் ஒரு கேஸைக்கூட இவ்வளவு சுத்தமாக முடித்ததில்லை.

"அசட்டை" என்றார் திருமதி லுண்டே. "அவ்வளவுதானா? ஒரு மனுஷன் செத்தது ஒரு அசட்டையிலயா?"

"அவ்வளவுதான், மேடம்."

"அந்தப் பொம்பளைய என்ன செய்வாங்க?"

"விட்டுடுவாங்க."

அவர் பேனாவின் மூடியைக் கழற்றினார். பிறகு, "உங்க வார்த்தைய நம்பறேன். அவன் மனைவிக்கு அப்படியே எழுதிடறேன்" என்று சொல்லிவிட்டுக் கூடத்துக்குப் போனார். அங்கே இரண்டு நாட்டுக் கொடிகளையும் ஒரே ஜாடியில் குத்தி வைத்திருந்தார்கள்.

ஸ்டேஷனுக்குப் போனபோது ரேடியோவில் கைதட்டல் கேட்டது. போலீஸ்காரர்கள் மேஜையைச் சுற்றி நின்றிருந்தார்கள். "கருவாடு வருது! ஞாயித்துக்கிழமைக்குக் கருவாடு வருது!" என்று ஒருவன் குதித்தான். இன்னொருவன் சாவியைச் சுழற்றிக்கொண்டே போய்க் கம்பிக்கதவைத் திறந்தான். "போ ஆத்தா, தப்பிச்ச. இனிமேலாவது கண்ணாடி போட்டுக்கிட்டுச் சமை."

மிஸ் யூலலி வெளியே வந்தார். வாசல் வெளிச்சத்தில் கண்ணைச் சுருக்கினார். போலீஸ்காரன் சொன்னது அவருக்கு உறைக்கக் கொஞ்ச நேரம் பிடித்தது.

"கண்ணாடியா? எதுக்குக் கண்ணாடி?"

நான் தரையைப் பார்த்தேன். பின்னக் சொன்னார். முழுவதும் சொன்னார், வெடர்பர்னையும் நாயையும் சேர்த்து. எதையும் மறைக்கவில்லை, அதற்கு மட்டும் அவரைப் பாராட்ட வேண்டும்.

"அப்போ என் அக்கிதான் அவரக் கொன்னுச்சுன்னு சொல்லிட்டீங்க."

"உங்க உசிரு, மிஸ் யூலலி. வேற வழி இல்ல."

"கொலைகாரின்னு சொல்லியிருந்தா கேஸ் நடந்திருக்கும். கூண்டுல ஏறி நின்னு என் வாயால சொல்லியிருப்பேன். நாலு பேர் கேட்டிருப்பாங்க. இப்போ யாருகிட்ட சொல்ல? நாளைக்கு எந்த வீட்டு அடுப்புல என்னச் சேப்பாங்க?" அவர் குரல் உயரவே இல்லை. "என் பொண்ணும் சமையல்காரிதான். அவளுக்கும் சேர்த்து அடுப்ப அணைச்சுட்டீங்க."

நான் பொட்டலத்தை இந்தக் கையிலிருந்து அந்தக் கைக்கு மாற்றினேன்.

மிஸ் யூலலியின் கண் என் கையிலிருந்த பொட்டலத்தில் விழுந்தது. வாசனை அவருக்கும் போயிருக்கும்.

"கருவாடா?"

"ஆமா" என்றேன்.

"சட்டி எங்க? இந்தக் காலத்துல எவனும் சும்மா குடுக்க மாட்டானே. இதுக்கு எதக் கட்டிவச்சான்?"

"உங்க பேர" என்றார் பின்னக்.

மிஸ் யூலலி பொட்டலத்தை என்னிடமிருந்து வாங்கினார். கயிற்றை அவிழ்த்து, ஒரு துண்டை எடுத்து, கட்டைவிரலால் அழுத்திப் பார்த்து, முகர்ந்தார். முப்பது வருடப் பழக்கம். பிறகு திரும்ப மடித்து, கயிற்றை ஒழுங்காக முடிச்சுப் போட்டு என் கையிலேயே வைத்தார்.

"நல்ல மீனுதான். நீங்களே கொண்டுபோய்ச் சமைச்சுச் சாப்பிடுங்க. அக்கி வாய் தொறந்திருக்கான்னு மட்டும் பாத்துக்கோங்க."

பாவாடையில் கையைத் துடைத்துக்கொண்டு பஸ் நிற்கிற பக்கமாக நடந்து போனார்.